செபமாலைமுத்து சட்டை கழற்றும் விதம்

சண்முகராசாவிடம் இருப்பது ஜேர்மன் கடவுச்சீட்டு. லண்டனில் அவருக்கு வேடம் தேடிக் கொடுக்கும் ஏஜென்ட் அம்மாவின் பட்டியலிலும் அவர் பெயருக்கு நேரே 'ஜேர்மன் குணச்சித்திர நடிகர்' என்றே எழுதியிருக்கும். அதை நம்பிக் கூப்பிட்டவர்கள், கதவைத் திறந்துகொண்டு ஒரு யாழ்ப்பாணத்துக் கொண்டாவில்காரர் உள்ளே வருவதைக் கண்டு பட்டியலை இன்னொரு தடவை பார்ப்பார்கள். அவர் சிரித்தபடி நிற்பார். அந்தச் சிரிப்பும் பழகி வைத்ததுதான்.

அவர் இருக்கிற லண்டன் மோர்டனில் அவரைத் தெரிந்தவர்கள் 'ஜேர்மன் அண்ணை' என்பார்கள். முப்பத்துநாலு வருடத்தில் அறுபதுக்கு மேற்பட்ட படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் அவர் முகம் வந்திருக்கிறது. அவற்றில் பெயருள்ள பாத்திரம் எட்டோ ஒன்பதோதான். மற்றதெல்லாம் 'பூ விற்பவர்', 'அகதி இரண்டு', 'டாக்சிக்காரர்', 'நோயாளியின் தகப்பன்'.

எண்பத்தைந்தாம் ஆண்டு, இருபது வயதில் அவர் கிழக்கு பெர்லினில் இறங்கி மேற்கே கடந்து போனார். டோர்ட்மண்டுக்குப் பக்கத்தில் ஒரு சிறு நகரத்து அகதி விடுதியில் இடம் கொடுத்தார்கள். வேலை செய்ய அனுமதி இல்லை, அந்த மாவட்டத்தை விட்டு வெளியே போகவும் அனுமதி இல்லை. மற்றவர்கள் சீட்டு விளையாடினார்கள். சண்முகராசா விடுதிக் காவலாளியைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த ஆளின் தாடை எப்படி அசைகிறதோ அப்படியே தன் தாடையையும் அசைத்துப் பார்த்துச் சத்தத்தைப் பிடித்தார். ஒரு வருடத்துக்குள் காவலாளியின் மனைவி தொலைபேசியில் அவருடைய குரலைப் புருசனின் குரல் என்று நினைத்து, உருளைக்கிழங்கு வாங்கிவரச் சொன்னாளாம். விடுதி முழுவதும் அதைச் சொல்லிச் சிரித்தது.

எண்பத்தேழு மாரியில் செபமாலைமுத்து வந்து சேர்ந்தார். மன்னாரில் பேசாலைப் பக்கம், கடல் தொழில் செய்கிற குடும்பம். சண்முகராசாவின் கட்டிலுக்குக் கீழ்க்கட்டில் அவருக்கு. அதிகம் கதைக்க மாட்டார். எந்தக் குளிரிலும் எந்த வெக்கையிலும் முழுக்கைச் சட்டையோடுதான் படுப்பார். ஒரு கிழமைக்குப் பிறகு அவருக்குக் காய்ச்சல் கண்டு டாக்டரிடம் போக வேண்டிவந்தது. பாஷை தெரிந்தவர் என்று சண்முகராசாவைத் துணைக்கு அனுப்பினார்கள்.

டாக்டர் சட்டையைக் கழற்றச் சொன்னார். செபமாலைமுத்து முதலில் சுவரோடு முதுகு படும்படி நின்றுகொண்டார். எல்லோரும் கழுத்துப் பொத்தானில் இருந்து தொடங்குவார்கள். அவர் அடித் தெறியில் இருந்து தொடங்கினார். ஒவ்வொன்றாக மேலே வந்து, கழுத்துத் தெறியில் விரல் நின்றுவிட்டது. அதைப் பிடித்தபடி அறையில் உள்ளவர்களை ஒவ்வொருவராகப் பார்த்தார். பிறகு மூச்சை வெளியே விட்டு அதையும் கழற்றினார். இடது தோள் உயராது. அதனால் சட்டையைத் தானாக வழுகி விழவிட்டார். முதுகில் இருந்ததைப் பார்த்த டாக்டர் தன் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். இராணுவ முகாமில் பதினொரு மாதம், சூடாக்கிய கம்பி. சண்முகராசா அதை ஜேர்மன் மொழியில் சொல்லவேண்டி இருந்தது. கம்பி என்பதற்குச் சொல் வரவில்லை, கையால் காட்டினார்.

அந்தத் தழும்புகளை விசாரணை அதிகாரி நம்பவில்லை. அடுப்பங்கரை விபத்திலும் இப்படி வரலாம் என்று எழுதி முதல் விண்ணப்பத்தைத் தள்ளிவிட்டார். கடிதத்தை வாசித்துக் காட்டியதும் சண்முகராசாதான். செபமாலைமுத்து இரண்டு நாள் சாப்பிடாமல் கிடந்தார். அனுமதி கிடைக்க இன்னும் நாலு வருடம் எடுத்தது.

அந்த இடைக்காலத்தில்தான் விடுதிக்குத் தொலைக்காட்சிக்காரர்கள் வந்தார்கள். துப்பறியும் தொடர் ஒன்றில் பியர்க்கடைக்குள் ரோசாப்பூ விற்கிற ஒருவர் தேவைப்பட்டார். நாலைந்து பேரை நடந்து காட்டச் சொன்னார்கள். சண்முகராசா, தான் கடைத்தெருவில் கண்ட ஒரு கிழட்டுப் பூக்காரனைப் போல, தலையை முன்னே நீட்டி, விற்காது என்று முன்கூட்டியே தெரிந்தவன் மாதிரி நடந்தார். இரண்டு சொல் வசனம். வேலை செய்ய அனுமதி இல்லாததால், படத்தில் போட்ட குளிர்க் கோட் ஒன்றையே சம்பளமாகக் கொடுத்துவிட்டார்கள்.

அதன்பிறகு ஒன்றைத் தொட்டு ஒன்று வந்தது. சமையலறைக் கையாள், சாட்சி, சவம். சவமாக மட்டும் ஏழு தடவை கிடந்தார். அவருக்கு யாரும் நடிப்புச் சொல்லிக் கொடுக்கவில்லை. ஆட்களைப் பார்ப்பார், எடுத்துக்கொள்வார். போலந்து நாட்டுத் தாதி இடுப்பால் மேசை லாச்சியை மூடுகிற விதம், துருக்கிக்காரர் ஒருவர் பதில் சொல்வதற்கு முன் உதட்டை உள்ளே இழுக்கிற விதம், எல்லாம் உள்ளே கிடக்கும். தேவைப்படுகிற நேரம் வெளியே வரும். யாரிடமும் கேட்டதில்லை. கேட்கவேண்டிய விஷயம் என்று தோன்றியதும் இல்லை.

தொண்ணூற்றுநாலில் நகுலேஸ்வரி ஊரில் இருந்து வந்தார், கலியாணம் நடந்தது. மகள் கம்சிகா பிறந்தாள். பிள்ளை ஆங்கிலத்தில் படிக்கட்டும் என்று அந்த நாளில் ஜேர்மன் தமிழர் பாதிப்பேர் லண்டனுக்கு இடம் மாறினார்கள். இவர்களும் இரண்டாயிரத்து ஆறில் மோர்டனுக்கு வந்தார்கள். இரண்டு வருடம் கழித்து செபமாலைமுத்துவும் மனைவி மெற்றில்டாவும் மகன் நிஷாந்தும் வந்து பத்து நிமிட நடையில் வீடெடுத்தார்கள். அவருக்கு ஒரு பேக்கரியில் இரவு ஷிப்ட். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து நேரே சண்முகராசா வீட்டுக்கு வருவார். தேத்தண்ணி குடிப்பார். இருவரும் அதிகம் கதைப்பதில்லை. பன்னிரண்டு மணிக்கு எழும்பிப் போவார்.

லண்டனிலும் சண்முகராசாவுக்கு வேலை இருந்தது. மினிகாப் சாரதி, மருந்துக்கடைக்காரர், தபாற்கந்தோர் நடத்துகிறவர். இடையிடையே குரல் கொடுக்கும் வேலை. ஒரு போர் விளையாட்டுக்கு ஜேர்மன் சிப்பாய்களின் குரல் முழுக்க அவர்தான் கொடுத்தார். முகம் தெரியாத இடத்தில் மட்டும் அவர் உண்மையான ஜேர்மன்காரர் என்று கம்சிகா பகிடி பண்ணுவாள்.

ஐம்பத்தாறு வயதில், அந்தப் பெரிய வேடம் வந்தது. மூன்று பகுதி நாடகம். அகதி வழக்குகளுக்கு வாதாடும் ஒரு பெண் வக்கீலின் கதை. அவளுடைய கட்சிக்காரன் வசந்தன் என்கிற தமிழன். பெயருள்ள பாத்திரம். மூன்று பகுதியிலும் வருவான். சண்முகராசா பிரதியை ஒரே மூச்சில் வாசித்தார். முகாமில் சித்திரவதைப்பட்டவன் வசந்தன். வக்கீல் அவனுக்காக உயிரைக் கொடுத்து வாதாடுகிறாள். மூன்றாம் பகுதியில், அவனுடைய கூட்டாளியே நீதிபதி முன் வந்து சொல்கிறான்: வசந்தன் கேட்டபடியால் நானேதான் வாடகை அறை ஒன்றில் கம்பியைச் சூடாக்கி அந்தத் தழும்புகளை வைத்தேன் என்று. வசந்தன் பொய்க்காரன்.

அந்த இடத்தில் அவர் பிரதியைக் கொஞ்ச நேரம் மடியில் வைத்தபடி இருந்தார். பிறகு இயக்குநரிடம் தொலைபேசியில் கேட்டார், முடிவு இப்படித்தான் வேண்டுமா என்று. நல்லவர்களை மட்டும் காட்டினால் பார்ப்பவர்கள் நம்பமாட்டார்கள், அதுதான் கதையின் கனம் என்று அந்தப் பெண் பணிவாகவே சொன்னாள். சண்முகராசா சரி என்றார். இரண்டாவது தடவை கேட்கவில்லை. வீட்டில் நகுலேஸ்வரியிடம், "கேஸ் போட்ட எங்கடை ஆள் ஒருத்தற்றை பாத்திரம்" என்று மட்டும் சொன்னார்.

மருத்துவப் பரிசோதனைக் காட்சி படமான நாளில் அவர் முதுகில் தழும்பு வரைய மூன்று மணித்தியாலம் எடுத்தது. மருத்துவராக நடித்தவள் சட்டையைக் கழற்றச் சொன்னாள், அவர் கழற்றினார். இயக்குநர் இன்னொரு தடவை என்றாள். மூன்று தடவை எடுத்தும் அவளுக்குத் திருப்தியில்லை. பக்கத்தில் வந்து, சட்டை கழற்றுகிற ஆட்களை எவ்வளவோ பார்த்துவிட்டேன், இந்த மனிதனை இன்னும் பார்க்கவில்லை என்றாள்.

நாலாவது தடவை அவருடைய கால்கள் தாமாகவே சுவர்ப்பக்கம் நகர்ந்தன. முதுகு சுவரில் பட்டது. கை அடித் தெறிக்குப் போயிற்று. கழுத்துத் தெறியில் விரல் நின்றபோது அவர் அறையில் இருந்தவர்களை ஒவ்வொருவராகப் பார்த்தார், கமராவுக்குப் பின்னால் நின்றவர்களையும் சேர்த்து. மூச்சை விட்டார். தோளை உயர்த்தாமல் சட்டையை விழவிட்டார்.

கமரா நின்ற பிறகும் யாரும் அசையவில்லை. வெளிச்சம் பிடித்துக்கொண்டிருந்த ஒருவர் கண்ணைத் துடைத்தார். இயக்குநர் வந்து இரண்டு கையாலும் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். யாருடையதை எடுத்தார் என்பது சண்முகராசாவுக்கு நன்றாகத் தெரிந்திருந்தது. ஆனால் அந்த நேரம் அவர் மனம் முழுக்க இருந்தது சந்தோசம்தான். அதைப் பிற்பாடு நினைக்கும்போதெல்லாம் அவருக்கு முகம் சுடும்.

நாடகம் அடுத்த வருடம் ஜூன் மாதம் வந்தது. மூன்று ஞாயிற்றுக்கிழமை, ஒவ்வொரு பகுதியாக. முதலாம் பகுதிக்கு நகுலேஸ்வரி செபமாலைமுத்து குடும்பத்தையும் கூப்பிட்டு, கொத்துரொட்டி போட்டு வைத்திருந்தார். எட்டு மணிக்கும் வெளியே வெயில். திரைச்சீலையை இழுத்துவிட்டுப் பார்த்தார்கள். சட்டை கழற்றுகிற காட்சி வந்தபோது மெற்றில்டா தொலைக்காட்சியைப் பார்க்காமல் புருசனைப் பார்த்தார். நிஷாந்தும் அப்பாவைத் திரும்பிப் பார்த்தான். செபமாலைமுத்து கோப்பையைக் கையில் வைத்தபடி அசையாமல் இருந்தார். முடிந்ததும், "நல்லாச் செய்திருக்கிறாய்" என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டு எழும்பினார். சண்முகராசா வாசல்வரை போய்க் கதவைத் திறந்துவிட்டார். அவர் முகத்தைப் பார்க்கத் தைரியம் வரவில்லை.

மறுநாள் பின்னேரம் தொலைபேசி வந்தது.

"சண்முகம், நான்தான்."

"சொல்லு முத்து."

"வீட்டை போன உடனை பெடியன் கேட்டவன், அப்பா உங்கடை முதுகும் உப்பிடியோ எண்டு. நான் காட்டினன். இத்தனை வருசமா அவனுக்குக் காட்டேல்லை. கடற்கரைக்குப் போனாலும் சேட்டோடைதான் நிக்கிறனான், உனக்குத் தெரியும்தானே."

"ஓம்."

"எல்லாத்தையும் சொன்னன். முகாமிலை நடந்தது, பேந்து அங்கை ஜேர்மனியிலை அவங்கள் நம்பாமல் விட்டது. அவன் என்ரை கையைப் பிடிச்சுக்கொண்டு இருந்தவன்." செபமாலைமுத்து கோப்பையைக் கீழே வைக்கிற சத்தம் கேட்டது. "என்ரை வாயாலை சொல்ல ஏலாமல் கிடந்தது. நீ சொல்லிப்போட்டாய். அதைச் சொல்லத்தான் எடுத்தனான்."

சண்முகராசாவின் நாக்கு நுனியில் மூன்றாம் பகுதி நின்றது. முத்து, பொறு, அந்தக் கதை பிறகு வேறு மாதிரிப் போகும் என்று சொல்லச் சில நொடிகள் போதும். "அப்பிடியெல்லாம் ஒண்டுமில்லை" என்றார். முப்பத்தைந்து வருடத்தில் செபமாலைமுத்து இவ்வளவு நேரம் தொடர்ந்து கதைத்து அவர் கேட்டதில்லை. அந்தக் குரல் அவரைப் புகழ்ந்தது. அதை இடையில் நிறுத்த அவருக்கு மனம் வரவில்லை.

அதன்பிறகு பதின்மூன்று நாள் இருந்தது. நாளைக்குச் சொல்லலாம் என்று ஒவ்வொரு நாளும் தள்ளினார். இரண்டாம் பகுதிக்கும் எல்லோரும் வந்தார்கள். நிஷாந்த் இந்த முறை அப்பாவுக்குப் பக்கத்தில் ஒட்டிக்கொண்டு இருந்தான். போகும்போது செபமாலைமுத்து சொன்னார்:

"கடைசிப் பகுதிக்கு எல்லாரும் எங்கடை வீட்டை வாங்கோ. சேர்ச்சிலை நாலு குடும்பத்துக்குச் சொல்லியிருக்கிறன். எனக்கு நடந்ததைத்தான் உதிலை காட்டுறாங்கள் எண்டு சொன்னனான்."

"எனக்கு அண்டைக்குக் குரல் குடுக்கிற வேலை ஒண்டு இருக்கு" என்றார் சண்முகராசா. அப்படி ஒரு வேலையும் இருக்கவில்லை.

அந்த ஞாயிறு அவர் காரை எடுத்துக்கொண்டு லண்டனின் மற்றப் பக்கத்தில் இருக்கிற ரெய்னர்ஸ் லேனுக்குப் போனார். தன்னை யாருக்கும் தெரியாத இடம் என்று நினைத்து ஒரு தமிழ்க்கடையில் தேத்தண்ணியும் வடையும் எடுத்து மூலையில் இருந்தார். எட்டு மணி ஆயிற்று. எட்டரை ஆயிற்று. கடைக்கு வந்த ஒரு நடுத்தர வயதுக்காரர் அவரை உற்றுப் பார்த்துவிட்டுக் கிட்ட வந்தார்.

"அண்ணை, நீங்கள்தானே அந்த நாடகத்திலை? ரெண்டு பகுதியும் பாத்தனான். எங்கடை சனத்தின்ரை வலியை அந்த மாதிரிக் காட்டியிருக்கிறியள். இண்டைக்குக் கடைசி என்ன, ரெக்கோட் போட்டிட்டு வந்தனான், போய்த்தான் பாக்கவேணும்."

சண்முகராசா நன்றி என்று சொல்லி அவர் நீட்டிய கையைப் பிடித்துக் குலுக்கினார். அந்த மனுசன் போன பிறகு, வடையை அப்படியே வைத்துவிட்டு எழும்பினார்.

வீட்டுக்கு வந்தபோது நகுலேஸ்வரி உடுத்த சீலையோடேயே குசினிக் கதிரையில் இருந்தார். செபமாலைமுத்து வீட்டுக்கு அவர் கொண்டுபோன பலகாரப் பெட்டி திறக்காமல் மேசையில் இருந்தது.

"உங்களுக்கு முதலே தெரியும்தானே?"

"ஓம்."

"என்னட்டையும் சொல்லேல்லை."

நகுலேஸ்வரி குரலை உயர்த்தாமல் நடந்ததைச் சொன்னார். கூட்டாளிக்காரன் உண்மையைச் சொல்கிற இடம் வந்ததும் வீடே அமைதியாகிவிட்டது. யாரும் செபமாலைமுத்துவைத் திரும்பிப் பார்க்கவில்லை. திரும்பிப் பார்க்காமல் இருக்க எல்லோரும் படாத பாடுபட்டார்கள். மெற்றில்டா தொலைக்காட்சியை நிற்பாட்ட எழும்பினார். "முடியட்டும், விடு" என்றார் புருசன். நடிகர்களின் பெயர் எல்லாம் ஓடி முடியும்வரை பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு சேர்ச்சுக்காரர் ஒருவர் நாளைக்கு வேலை என்று எழும்ப, மற்றவர்களும் எழும்பிவிட்டார்கள். சமைத்தது எல்லாம் அப்படியே இருந்தது.

"நான் அந்த மனுசிக்குப் பாத்திரம் கழுவிக் குடுத்திட்டு வந்தனான்" என்றார் நகுலேஸ்வரி. "என்ன சொல்லுறதெண்டு தெரியேல்லை. கழுவினன்."

அடுத்த ஞாயிறு செபமாலைமுத்து வரவில்லை. அதற்கடுத்த ஞாயிறும் இல்லை. ஆனால் ஏஜென்ட் அம்மா இரண்டு தடவை கூப்பிட்டாள். பத்திரிகையில் ஒருவர் அந்தச் சட்டைக் காட்சியைப் பற்றித் தனியாக ஒரு பந்தி எழுதியிருந்தார். மோர்டன் ஆட்களின் வாட்சப் குழுவில் ஒருவர், இதைப் பார்த்தால் இனி எங்கள் ஆட்களின் கேஸை யார் நம்புவார்கள் என்று போட்டிருந்தார். கீழே இன்னொருவர், நடிப்பு நடிப்புத்தானே என்று போட்டுக் கைதட்டுகிற படம் அனுப்பியிருந்தார். சண்முகராசா இரண்டையும் பல தடவை வாசித்தார். மோர்டன் கடைகளுக்குப் போவதை விட்டுவிட்டார்.

இருந்தும் ஒரு நாள் மீன்கடையில் மெற்றில்டாவிடம் அகப்பட்டார். கூட்டம் விலகும்வரை அந்த அம்மா தள்ளி நின்றார். பிறகு பக்கத்தில் வந்து மெதுவாகச் சொன்னார்:

"அண்ணை, மகன் கேட்டுப்போட்டான்."

"என்ன கேட்டவன்?"

"அண்டைக்கு எல்லாரும் போன பிறகு. அப்பா, உங்களுக்கு உண்மையாவே முகாமிலைதானே நடந்தது எண்டு. ஒரே ஒரு கேள்வி. இவர் பதில் சொல்லேல்லை. சேட்டை மாத்திக்கொண்டு ஷிப்டுக்குப் போயிட்டார்."

மெற்றில்டா தன் பையை எடுத்துக்கொண்டு போய்விட்டார். கடைக்காரப் பெடியன் என்ன மீன் வேணும் என்று இரண்டு தடவை கேட்டான். சண்முகராசா ஒன்றும் வாங்காமல் வெளியே வந்தார். வீதியில் நடக்கும்போது தன்னை எல்லோரும் பார்க்கிறார்கள் என்று இருந்தது. உண்மையில் யாரும் பார்க்கவில்லை.

அன்று பின்னேரமே போய்க் கதவைத் தட்டினார். செபமாலைமுத்துதான் திறந்தார். உள்ளே வா என்றும் சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை. கதவை விட்டுவிட்டு உள்ளே நடந்தார். சண்முகராசா பின்னால் போய்ச் சோபாவின் நுனியில் இருந்தார். சுவரில் திருக்குடும்பப் படம், கீழே நிஷாந்தின் பட்டமளிப்புப் படம். வரும் வழியில் பாடமாக்கி வந்த வசனம் ஒன்றும் ஞாபகம் வரவில்லை.

"நீ என்னைப் போலச் செய்தது எனக்குக் கோவம் இல்லை" என்றார் செபமாலைமுத்து. "அண்டைக்கு நான் போன் எடுத்தனான். அப்ப நீ சொல்லியிருக்கலாம்."

"ஓம்."

"ஏன் சொல்லேல்லை?"

"நீ சந்தோசமா இருந்தாய்." சொன்ன உடனேயே அது பொய் என்று சண்முகராசாவுக்குத் தெரிந்தது. "இல்லை முத்து. நான் சந்தோசமா இருந்தனான். நீ புகழ்ந்தது எனக்கு நல்லா இருந்தது."

செபமாலைமுத்து தலையை ஆட்டினார். "உனக்குத் தெரியுமோ, அந்தக் கடுதாசியை நீதான் எனக்கு வாசிச்சுக் காட்டினனீ. அடுப்பங்கரை விபத்து எண்டு. அந்த ஆபிசர் என்னைத் தெரியாத ஆள். நீ டாக்குத்தற்றை அறையிலை நிண்டனீ. நீ நம்பினனீயோ?"

"நம்பினன். ஒரு நாளும் சந்தேகப்பட்டதில்லை."

"அப்ப ஏன் அந்தப் பொய்க்காரனுக்கு என்னைத் தூக்கிக் குடுத்தனீ?"

"அவனுக்கு உண்மையான நோவு ஒண்டு வேண்டியிருந்தது" என்றார் சண்முகராசா. "அது என்னட்டை இல்லை. எனக்குத் தெரிஞ்ச ஆக்களிலை உன்னட்டைத்தான் இருந்தது." மன்னிப்புக் கேட்கத் தொடங்கினார்.

"என்னட்டைக் கேக்காதை" என்றார் செபமாலைமுத்து. "பெடியனிட்டைப் போ. நீ கண்டதைச் சொல்லு. அவ்வளவு காணும்."

நிஷாந்த் மின்சார வேலை செய்கிறவன். மிச்சம் என்கிற பகுதியில் வேலை முடிந்து நின்ற அவனுடைய வான் வண்டிக்குள் முன்சீட்டில் இருவரும் இருந்தார்கள். சண்முகராசா எண்பத்தேழு மாரியையும் டாக்டரின் அறையையும், ஆறாமல் இன்னும் சிவந்திருந்த தழும்புகளையும், கம்பி என்ற சொல் வராமல் கையால் காட்டியதையும் ஒன்றுவிடாமல் சொன்னார். இந்தத் தடவை யாரைப் போலவும் சொல்லவில்லை. அதனால் தட்டுத்தடுமாறித்தான் சொன்னார்.

"எனக்குத் தெரியும் அங்கிள்" என்றான் நிஷாந்த். "டாடி பொய் சொல்லமாட்டார். ஆனா அந்த ஒரு செக்கன் சந்தேகம் என்ரை மண்டைக்குள்ளை வந்திட்டுது. வாயும் கேட்டிட்டுது. அடுத்தநாளே சொறி சொன்னனான். ஓகே எண்டு சொன்னவர். ஆனா ஓகே இல்லை. இப்ப திரும்பவும் முன்னை மாதிரி வந்திட்டார். அந்த ரெண்டு கிழமை மட்டும்தான் வேறை மாதிரி இருந்தவர்."

பிறகு அவனே கேட்டான்: "அந்த சீன், டாடியைப் பாத்துத்தானே செய்தனீங்கள்?"

"ஓம் தம்பி."

"நல்லா இருந்தது அங்கிள். அதுதான் பிரச்சினை."

சண்முகராசா வானில் இருந்து இறங்கும்போது அவன் போய்வாங்கோ என்று சொன்னான். கோபம் இல்லாத குரல். அதைக் கேட்டபோது, இரண்டு அறை அறைந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று அவருக்குப் பட்டது.

இதே மாதிரி வேடங்கள் இன்னும் இரண்டு வந்தன. ஒன்றை வேண்டாம் என்றார். மற்றதை ஒத்துக்கொண்டு போனார். அவருக்குத் தெரிந்த வேலை அது ஒன்றுதான். கமரா முன்னால் நின்று, அழச் சொன்னபோது உள்ளே தேடினார். வந்த ஒவ்வொரு அசைவுக்கும் பின்னால் ஒரு முகம் தெரிந்தது. அந்த முகங்களைத் தள்ளிவிட்டுச் செய்ததில் ஒன்றும் மிஞ்சவில்லை. அண்மைக்காலமாக நடிப்பில் உப்பில்லை என்று ஏஜென்ட் அம்மா பக்குவமாகச் சொன்னாள். அவர் மறுக்கவில்லை. இப்போது பெரும்பாலும் குரல் வேலைதான் செய்கிறார்.

யாரிடமும் சொல்லாத ஒன்றும் உண்டு. நகுலேஸ்வரி வேலைக்குப் போன பகல் நேரங்களில் அவர் அந்தக் காட்சியைப் போட்டுப் பார்ப்பார். பார்க்கக்கூடாது என்று நினைத்தபடியே பார்ப்பார். தன் வாழ்நாளில் செய்த அத்தனையிலும் அந்த ஒரு நிமிடம்தான் உண்மையானது என்று ஒவ்வொரு தடவையும் தோன்றும். தோன்றியதும் அவசரமாக நிற்பாட்டிவிடுவார்.

போன வருடம் நிஷாந்துக்கும் ஷெறோன் என்கிற பிள்ளைக்கும் கலியாணம் நடந்தது. மற்ற வீடுகளுக்குச் செபமாலைமுத்துவும் மெற்றில்டாவும் நேரில் போய்க் கார்ட் வைத்தார்கள். சண்முகராசா வீட்டுக்கு அது தபாலில் வந்தது. போவதா விடுவதா என்று அவர் இரண்டு கிழமை யோசித்தார். "கூப்பிட்டதே பெரிய விஷயம். வெளிக்கிடுங்கோ" என்றார் நகுலேஸ்வரி.

சேர்ச்சில் கடைசி வரிசை வாங்கில் இருந்தார்கள். பிறகு மண்டபத்தில், விருந்தாளிகளை வரவேற்க வாசலில் செபமாலைமுத்து கோட் சூட்டோடு நின்றார். ஒவ்வொருவராகக் கைகொடுத்துக்கொண்டு வந்தவர், சண்முகராசாவின் கையையும் இரண்டு கையாலும் பிடித்தார். கை சூடாக இருந்தது. முகத்தில் சிரிப்பும் இருந்தது.

"வாங்கோ" என்றார். "இருந்து சாப்பிட்டிட்டுத்தான் போகவேணும், என்ன."

விடுதிக் கட்டிலில் தொடங்கி இத்தனை வருடமும் அவரை நீ, வா, போ என்று சொன்ன வாய். சண்முகராசா ஏதோ சொல்ல வாயெடுப்பதற்குள் செபமாலைமுத்துவின் கை அடுத்தவரிடம் போய்விட்டது. அவரிடமும் அதே மாதிரி "வாங்கோ" என்றார்.

நகுலேஸ்வரி புருசனின் முழங்கையைத் தொட்டு உள்ளே கூட்டிப்போனார். அவர்களுக்கு இருபத்திரண்டாம் மேசை. தெரியாத ஆட்கள். சாப்பாடு வந்தபோது சண்முகராசாவுக்குப் பசிக்கவில்லை. இருந்தும் வைத்ததை எல்லாம் குனிந்த தலை நிமிராமல் சாப்பிட்டு முடித்தார்.